1515 மீட்டர் எப்படி 60165 ஆகிறது? பைனரி மாற்றமும் அதைச் செய்யும் லைப்ரரி கோப்புகளும்

2000-ஆம் ஆண்டு பிப்ரவரியில் எண்டெவர் விண்ணோடம் பதினொரு நாள் பூமியைச் சுற்றி வந்து, ரேடார் வைத்து நிலத்தின் உயரத்தை அளந்தது. அந்த அளவுகளை இன்று யார் வேண்டுமானாலும் இலவசமாக இறக்கிக்கொள்ளலாம். அட்சரேகை, தீர்க்கரேகையை வைத்து நிலத்தை ஒரு பாகைக்கு ஒரு கட்டமாகப் பிரித்து, கட்டத்துக்கு ஒரு கோப்பு கொடுத்திருக்கிறார்கள். வடக்கு 11, கிழக்கு 78 என்று பெயரிட்ட கோப்பை எடுத்தால் சேலம் நகரமும் சேர்வராயன் மலையும் அதற்குள் இருக்கும். அடிவாரத்திலிருந்து ஏற்காடு வரை சாலை எப்படி ஏறுகிறது என்று படம் வரைய நினைக்கிற மாணவருக்கு இந்த ஒரு கோப்பு போதும்.

ஆனால் அதை நோட்பேடில் திறந்து பார்த்தால் ஒன்றுமே புரியாது. ஒரே கிறுக்கலாகத் தெரியும். அந்தக் கிறுக்கலை மீட்டராக மாற்றுவதுதான் பைனரி தரவு மாற்றம். அதைச் செய்துகொடுக்கும், ஏற்கெனவே யாரோ எழுதிச் சோதித்து வைத்த நிரல்கள் அடங்கிய கோப்புகளைத்தான் லைப்ரரி என்கிறோம். இந்தக் கட்டுரை அந்த இரண்டையும் அடியிலிருந்து சொல்கிறது. நிரல் எழுதத் தெரிந்திருக்க வேண்டியதில்லை. பெருக்கல், கூட்டல் தெரிந்தால் சரி.

கோப்பு என்பது எண்களின் வரிசை

கணினியில் உள்ள எந்தக் கோப்பும், அது பாட்டானாலும் போட்டோவானாலும், கடைசியில் பைட்டுகளின் நீளமான வரிசைதான். ஒரு பைட்டில் எட்டு பிட். ஒவ்வொரு பிட்டும் 0 அல்லது 1. எட்டு பிட்டை எத்தனை விதமாக மாற்றி அடுக்கலாம் என்று கணக்குப் போட்டால் 256 வரும். அதனால் ஒரு பைட் 0 முதல் 255 வரை ஏதாவது ஓர் எண். அவ்வளவுதான் அதற்குத் தெரியும். தான் ஓர் எழுத்தா, ஒரு நிறமா, மலையின் உயரத்தில் ஒரு பாதியா என்பது அதற்குத் தெரியாது.

இதை ஒரு சின்ன உதாரணத்தில் பார்க்கலாம். சேலம் நகரம் கடல் மட்டத்திலிருந்து சுமார் 278 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. இந்த 278-ஐக் கோப்பில் எழுதி வைக்க இரண்டு வழி உண்டு. முதல் வழி, அதை எழுத்தாக எழுதுவது. ஆஸ்கி என்ற பழைய குறியீட்டு முறையில் '2' என்ற எழுத்துக்கு 50, '7'-க்கு 55, '8'-க்கு 56. ஆக 50, 55, 56 என்று மூன்று பைட். இரண்டாவது வழி, அதை எண்ணாகவே எழுதுவது. ஒரு பைட்டில் 255-க்கு மேல் கொள்ளாது என்பதால் இரண்டு பைட் வேண்டும். பத்தடிமானத்தில் ஒவ்வோர் இடம் தள்ளும்போதும் மதிப்பு பத்து மடங்காகிறது அல்லவா, பைட்டுகளில் அது 256 மடங்காகும். 1 × 256 + 22 = 278. ஆக 1, 22 என்று இரண்டு பைட்.

செவ்வாய்ப்பேட்டை வெள்ளிக் கடைகளில் இருப்பது போன்ற எலெக்ட்ரானிக் தராசுகளில் பல, கம்ப்யூட்டரோடு இணைத்தால் எடையை முதல் வழியில், எழுத்தாகத்தான் அனுப்பும். மனிதர் கண்ணுக்கு அது வசதி. ஒரு முறை ஓர் எடை வருகிற இடத்தில் அது போதும். ஆனால் லட்சக்கணக்கான எண்களை அடுக்கி வைக்கும்போது இரண்டாவது வழி இடத்தை மிச்சம் பிடிக்கும், வேகமாகவும் படிக்கலாம். இன்னொரு பெரிய நன்மையும் உண்டு. ஒவ்வோர் எண்ணும் சரியாக இரண்டு பைட் என்றால், நடுவில் இருக்கும் எந்த எண்ணையும் முதலிலிருந்து தேடாமல் நேரே போய் எடுத்துவிடலாம்.

மலைக் கோப்புக்குள்

நம் உயரக் கோப்பு இரண்டாவது வகை. அதில் தலைப்பு கிடையாது, ஊர் பெயர் கிடையாது, 'இது மீட்டர்' என்ற குறிப்புகூடக் கிடையாது. வடக்கு ஓரத்தில் தொடங்கி வரிசை வரிசையாக, ஒவ்வொரு வரிசையிலும் மேற்கிலிருந்து கிழக்காக உயரங்கள் மட்டும். சுமார் 90 மீட்டருக்கு ஒரு புள்ளி வீதம் 1201 வரிசை, வரிசைக்கு 1201 புள்ளி. 1200 போதுமே, கூடுதலாக ஒன்று எதற்கு என்றால், ஓரத்தில் இருக்கும் வரிசை பக்கத்துக் கட்டத்துக்கும் பொது. மொத்தம் 14,42,401 புள்ளிகள். புள்ளிக்கு இரண்டு பைட். கோப்பின் அளவு 28,84,802 பைட். இறக்கிய கோப்பின் அளவு இந்த எண்ணோடு பொருந்துகிறதா என்று முதலில் பார்த்துவிடுங்கள். பொருந்தவில்லை என்றால் கோப்பு பாதியில் அறுந்திருக்கும், அல்லது அது 30 மீட்டருக்கு ஒரு புள்ளி வைத்த பெரிய வகையாக இருக்கும். பெரிய வகையில் 3601 வரிசை, அளவு 2,59,34,402 பைட்.

ஏற்காடு ஏறக்குறைய வடக்கு 11.78, கிழக்கு 78.20-இல் இருக்கிறது. கோப்பு 12-ஆம் பாகையிலிருந்து கீழே இறங்குவதால், வரிசை எண் (12 − 11.78) × 1200 = 264. நெடுக்கு எண் 0.20 × 1200 = 240. இரண்டையும் 0-லிருந்து எண்ண வேண்டும். முன்னால் 264 முழு வரிசைகள் கடந்திருக்கின்றன, அப்புறம் இந்த வரிசையில் 240 புள்ளிகள். 264 × 1201 + 240 = 3,17,304. இரண்டால் பெருக்கினால் 6,34,608. கோப்பின் தொடக்கத்திலிருந்து 6,34,608 பைட் தள்ளிப் போய், அங்கிருந்து இரண்டு பைட்டை எடுத்தால் ஏற்காட்டின் உயரம் கையில். அங்கே 5, 235 என்று இருப்பதாக வைத்துக்கொள்வோம். 5 × 256 + 235 = 1515. ஏற்காட்டின் உயரம் என்று பொதுவாகச் சொல்லப்படும் அதே 1515 மீட்டர்.

இந்த அளவைப் பயன்படுத்துகிறவர்கள் மனதில் வைக்க வேண்டியது ஒன்று. அந்த ரேடார் அலை மரங்களைத் துளைத்து முழுதாகத் தரையைத் தொடாது. ஏற்காட்டுக் காபித் தோட்டங்களில் நிழலுக்கு நிற்கும் சில்வர் ஓக் மரங்களின் உயரமும் ஓரளவு அந்த எண்ணில் சேர்ந்திருக்கும். 90 மீட்டர் இடைவெளியில் கொண்டை ஊசி வளைவுகளும் தெரியாது. மலையின் சரிவு தெரியும், சாலையின் வளைவு தெரியாது.

சரி, இப்போது முக்கியமான இடத்துக்கு வருவோம். அதே 5, 235 என்ற இரண்டு பைட்டை உங்கள் லேப்டாப்பிடம் கொடுத்து, 'இது ஓர் எண், சொல்' என்று எளிய நிரல் ஒன்றின் மூலம் கேட்டால் அது 60165 என்று சொல்லும். எவரெஸ்ட்டே 9000 மீட்டருக்குள்தான்.

லேப்டாப்பில் கோளாறு எதுவும் இல்லை. இன்டெல், ஏஎம்டி சிப்புகள் எண்ணின் சிறிய பகுதியை முதலில் வைக்கும். 235 × 256 + 5 = 60165. இந்த முறைக்கு லிட்டில் எண்டியன் என்று பெயர். நாம் தாளில் எழுதுவதைப் போலப் பெரிய பகுதியை முதலில் வைப்பது பிக் எண்டியன். கூட்டல் போடும்போது கடைசி இலக்கத்திலிருந்துதானே தொடங்குகிறோம், அதனால் சிறிய பகுதி முதலில் வந்தால் பழைய சிப்புகளுக்கு வேலை சுலபமாக இருந்தது. மறுபக்கம், 1964-இல் வந்த ஐபிஎம் 360 போன்ற பெரிய கணினிகள் பெரிய பகுதியை முதலில் வைத்தன. எது சரி என்று ஆட்கள் அடித்துக்கொண்டதைப் பார்த்து 1980-இல் டேனி கோஹென் என்பவர் சமாதானம் கேட்டு ஒரு கட்டுரையே எழுதினார். அந்தக் கட்டுரைதான் இந்த இரண்டு பெயர்களையும் கணினி உலகத்துக்குக் கொண்டுவந்தது. இன்று நம் மொபைலும் லேப்டாப்பும் லிட்டில் எண்டியன். இன்டர்நெட்டில் பாக்கெட் என்ற சிறு துண்டுகளாகத்தான் தரவு போகிறது, அவற்றின் முகவரி எண்கள் எல்லாம் பிக் எண்டியன். நம் மலைக் கோப்பும் பிக் எண்டியன்.

வரிசை மாறினது மட்டும் போதாதென்று இன்னொரு சிக்கலும் இருக்கிறது. இரண்டு பைட் எண்ணை 0 முதல் 65535 வரை என்றும் படிக்கலாம், −32768 முதல் 32767 வரை என்றும் படிக்கலாம். இரண்டாவது முறையில், எண் 32767-ஐத் தாண்டினால் அதிலிருந்து 65536-ஐக் கழிக்க வேண்டும். கடலுக்குக் கீழே இருக்கும் நிலமும் உண்டு என்பதால் உயரக் கோப்பு குறியுள்ள எண்களைத்தான், அதாவது கழித்தல் குறியும் வரக்கூடிய எண்களைத்தான், பயன்படுத்துகிறது. அப்படியானால் வரிசையைத் தப்பாக எடுத்துக்கொண்டு, குறியைச் சரியாக எடுத்துக்கொண்டால் 60165 − 65536 = −5371. ஏற்காடு கடலுக்கு அடியில் 5371 மீட்டர் ஆழத்துக்குப் போய்விடும். சேலத்தின் 1, 22 இதே தவறில் 22 × 256 + 1 = 5633 ஆகும். சேலம் மேலே, ஏற்காடு கடலுக்கடியில். வரைந்த படம் முள்ளு முள்ளாகக் குத்திக்கொண்டு நின்றால் நிலத்தில் தேடாதீர்கள், பைட் வரிசையைப் பாருங்கள்.

ஆக, ஒரு பைனரிக் கோப்பைத் தொடுவதற்கு முன்னால் தெரிந்திருக்க வேண்டியது மூன்று: ஓர் எண்ணுக்கு எத்தனை பைட், எந்தப் பகுதி முதலில், குறி உண்டா இல்லையா. இந்த மூன்றும் கோப்பை எழுதியவருக்கும் படிக்கிறவருக்கும் இடையிலான ஒப்பந்தம். பைட்டுகள் அந்த ஒப்பந்தத்தைத் தாமாகச் சொல்லாது. அந்த ஒப்பந்தத்தை நிரலாக எழுதி வைத்திருப்பதுதான் மாற்றத்துக்கான லைப்ரரி.

பைத்தான் என்ற நிரல் மொழியில் ஸ்ட்ரக்ட் என்று ஒரு லைப்ரரி கூடவே வருகிறது. அதற்கு '>' என்ற குறியையும் ஆங்கிலத்தின் சின்ன ஹெச் எழுத்தையும் கொடுத்தால், 'பெரிய பகுதி முதலில், இரண்டு பைட், குறி உண்டு' என்று புரிந்துகொள்ளும். மேலே சொன்ன மூன்றும் இரண்டே எழுத்தில் அடங்கிவிட்டது. '<' போட்டால் சிறிய பகுதி முதலில். பெரிய ஹெச் போட்டால் குறியில்லாத எண். இந்த '>', '<' குறியைப் போடாமலே விட்டுவிடலாம், நிரல் ஓடும். ஆனால் அப்போது அது ஓடுகிற கணினியின் வழக்கத்தை எடுத்துக்கொள்ளும், போதாததற்கு எண்களுக்கு நடுவே காலி பைட் இருக்கிறது என்றும் எண்ணிக்கொள்ளும். கோப்பு எப்படி எழுதப்பட்டது என்பது கணினியைப் பொறுத்தது இல்லையே. அதனால் வரிசையைச் சொல்லும் அந்தக் குறியை எப்போதும் போடுங்கள். முழுக் கோப்பையும் ஒரே மூச்சில் படிக்க நம்பை என்ற லைப்ரரி இருக்கிறது. 14 லட்சம் எண்ணையும் ஒரே வரியில் மாற்றி, 1201-க்கு 1201 கட்டமாக அடுக்கிக் கொடுத்துவிடும்.

சி மொழியில் இதற்கான பழைய ஃபங்ஷன்கள், அதாவது சிறு நிரல் துண்டுகள், 1983-இல் 4.2 பிஎஸ்டி யூனிக்ஸ் என்ற இயங்குதளத்தோடு வந்தவை. நெட்வொர்க்கிலிருந்து வரும் இரண்டு பைட், நான்கு பைட் எண்களைக் கணினியின் வரிசைக்கு மாற்றிக் கொடுக்கும். இன்றும் அதே பெயரில் அதே வேலையைச் செய்கின்றன. ஒன்றைக் கவனிக்க வேண்டும், அவை குறியில்லாத எண்ணைத்தான் திருப்பித் தரும். உயரக் கோப்பில் ரேடாருக்குத் தெரியாமல்போன இடங்களில் −32768 என்று போட்டிருப்பார்கள், அதாவது 128, 0. செங்குத்தான மலைச்சரிவுகளில் இப்படிப்பட்ட ஓட்டைகள் வரும். குறியைக் கவனிக்காமல் படித்தால் அங்கே 32768 மீட்டரில் ஒரு சிகரம் முளைக்கும்.

'சேலம்' என்று எழுதினால் எத்தனை பைட்

எண்ணுக்கு இவ்வளவு கதை என்றால் எழுத்துக்கு இன்னும் அதிகம். தமிழில் எழுதுகிற நாம் இதில் பட்ட பாடு மற்றவர்களைவிட அதிகம் என்பதால் இந்தப் பகுதியைக் கொஞ்சம் நிதானமாகப் பார்க்கலாம்.

'சேலம்' என்பதில் கண்ணுக்குத் தெரிவது மூன்று எழுத்து. உலக மொழிகளின் எழுத்துகளுக்கெல்லாம் எண் கொடுக்கும் யூனிகோடு அதை ஐந்தாகப் பிரிக்கிறது: ச, இரட்டைக்கொம்பு, ல, ம, புள்ளி. யூடிஎஃப்-8 என்ற முறையில் கோப்பில் எழுதும்போது இந்த ஐந்தில் ஒவ்வொன்றுக்கும் மூன்று பைட். 1992-இல் கென் தாம்ப்ஸனும் ராப் பைக்கும் வடிவமைத்த முறை இது. 'ச' என்பது 224, 174, 154. இரட்டைக்கொம்பு 224, 175, 135. 'ல' 224, 174, 178. 'ம' 224, 174, 174. புள்ளி 224, 175, 141. மொத்தம் பதினைந்து பைட். அதே ஊரின் பெயரை ஆங்கிலத்தில் எழுதினால் ஐந்து பைட்டோடு முடிந்துவிடும்.

இந்தப் பதினைந்து பைட்டையும், 'ஒரு பைட்டுக்கு ஓர் எழுத்து' என்று நினைத்துக்கொண்டிருக்கும் பழைய மென்பொருளிடம் கொடுத்தால் என்ன ஆகும்? விண்டோஸின் பழைய மேற்கத்தியக் குறியீட்டில் 224 என்பது தலையில் கோடு போட்ட ஆங்கில ஏ. 174 என்பது வட்டத்துக்குள் ஆர். தமிழ் வர வேண்டிய இடத்தில் கோடு போட்ட ஏ-யும் வட்டத்துக்குள் ஆர்-உம் திரும்பத் திரும்ப வந்து நிற்பதை எக்செலில் பார்க்காத தமிழர் குறைவு. அதைப் பார்த்ததும் 'கோப்பு கெட்டுவிட்டது' என்று அழித்துவிடாதீர்கள். பைட்டுகள் அப்படியே பத்திரமாக இருக்கின்றன, படிக்கிற முறைதான் தவறு. மறுபடி சேமிக்காமல், திறக்கும்போதே யூடிஎஃப்-8 என்று சொல்லித் திறந்தால் தமிழ் திரும்ப வந்துவிடும். கறுப்புக் கட்டத்துக்குள் வெள்ளைக் கேள்விக்குறி வருவது வேறு விஷயம். ஊர் பெயருக்குப் பத்து பைட் மட்டும் ஒதுக்கிய இடத்தில் 'சேலம்' என்று எழுதினால், 'சேல' வரை ஒன்பது பைட், பத்தாவதாக ஒற்றை 224 மட்டும் தொங்கிக்கொண்டு நிற்கும். மீதி இரண்டு பைட் இல்லாததால் அது எந்த எழுத்தும் இல்லை. இங்கே தரவு உண்மையிலேயே போய்விட்டது. எந்த லைப்ரரியாலும் திருப்பிக் கொண்டுவர முடியாது.

யூனிகோடு பரவுவதற்கு முன் திஸ்கி, டாப், டாம் என்று பல குறியீடுகள் இருந்தன. அந்தக் காலத்து மின்னஞ்சல்களும் மடலாடற்குழுப் பேச்சுகளும் திஸ்கியில் ஏராளம். திஸ்கியில் எழுதியதை யூனிகோடுக்கு மாற்றுவது, இந்த எண்ணுக்கு அந்த எண் என்று அட்டவணை பார்த்து மாற்றுகிற வேலை என்றுதான் முதலில் தோன்றும். அது போதாது. திஸ்கி கண்ணுக்குத் தெரிகிற வரிசையில் எழுதி வைக்கும்: 'சே' என்றால் முதலில் கொம்பு, அப்புறம் ச. யூனிகோடு உச்சரிக்கிற வரிசையில் வைக்கும்: முதலில் ச, அப்புறம் கொம்பு. ஆகவே மாற்றுகிற நிரல் கொம்பைப் பார்த்ததும் எழுதிவிடக் கூடாது. கையில் பிடித்துக்கொண்டு, அடுத்த மெய் என்ன என்று பார்த்து, அதை எழுதிவிட்டு, பிறகு கொம்பை எழுத வேண்டும். 'கொ' வந்தால் இன்னும் கஷ்டம். கொம்பு, க, கால் என்று மூன்று துண்டாக வருவதை, க-வும் 'ஒ'கரக் குறியும் என்று இரண்டாகச் சேர்க்க வேண்டும். கால் வருமா வராதா என்று தெரியாமல் 'கெ' என்று முடிவுகட்டிவிட்டால் தவறாகிவிடும். அதனால் மூன்றாவது பைட்டையும் பார்க்கும்வரை காத்திருக்க வேண்டும்.

இவ்வளவு பொறுமையாக இந்த வேலையைச் செய்கிற ஒரு லைப்ரரி கோப்பு லினக்ஸின் அடிப்படை சி லைப்ரரியோடு வருகிறது. ஜிகான்வ் என்ற கோப்புறைக்குள் திஸ்கி என்ற பெயரிலேயே, எஸ்ஓ என்ற பின்னொட்டோடு இருக்கும். ஐகான்வ் என்ற கட்டளைக்கு 'திஸ்கியிலிருந்து யூடிஎஃப்-8-க்கு' என்று சொன்னால், அந்தக் கட்டளை இந்தக் கோப்பை அழைத்து வேலையை ஒப்படைக்கும். பழைய தமிழ் மடல்களை வைத்திருப்பவர்கள், தனியாக எதையும் எழுதுவதற்கு முன் இதை முயன்று பார்க்க வேண்டும்.

பைட்டை எழுத்தாக்குதல்

எதிர்த்திசையிலும் ஒரு மாற்றம் அடிக்கடி தேவைப்படுகிறது. போட்டோ போன்ற பைனரித் தரவை, எழுத்து மட்டுமே போகக்கூடிய வழியில் அனுப்ப வேண்டியிருக்கும். மின்னஞ்சல் அப்படிப்பட்ட வழியாகத்தான் பிறந்தது. அதற்காக வந்தது பேஸ்64. மூன்று பைட்டை எடுத்துக்கொண்டு, அதன் 24 பிட்டையும் ஆறு ஆறாக நான்கு கூறு போட்டு, ஒவ்வொரு கூறுக்கும் 64 எழுத்துகளில் ஒன்றைக் கொடுக்கும். நம் 'ச'வையே எடுத்துக்கொள்வோம். 224, 174, 154 என்பதைப் பிட்டாக எழுதினால் 11100000 10101110 10011010. ஆறு ஆறாகப் பிரித்தால் 111000, 001010, 111010, 011010. எண்ணாகப் படித்தால் 56, 10, 58, 26. பேஸ்64 பட்டியலில் முதலில் 26 பெரிய ஆங்கில எழுத்து, அடுத்து 26 சின்ன எழுத்து, அடுத்து பத்து இலக்கங்கள், கடைசியில் கூட்டல் குறியும் சாய்கோடும். 0-லிருந்து எண்ணிப் பார்த்தால் கிடைப்பது: 4, பெரிய கே, 6, சின்ன ஏ. மூன்று பைட் நான்கு எழுத்தாயிற்று. அதனால்தான் 3 எம்பி போட்டோ மின்னஞ்சலில் ஏறும்போது 4 எம்பி ஆகிறது.

இதை ஒரு முறை தாளில் போட்டுப் பார்த்தவர்களுக்கு ஒன்று தெளிவாகியிருக்கும்: இதில் ரகசியம் எதுவும் இல்லை. பாஸ்வேர்டை பேஸ்64-ஆக மாற்றிச் சேமித்துவிட்டு 'என்கிரிப்ட் செய்திருக்கிறோம்' என்று சொல்வது மிக ஆபத்தான பழக்கம். யார் வேண்டுமானாலும் நொடியில் திருப்பிவிடலாம். இது உருவத்தை மாற்றுகிறது, எதையும் மறைப்பதில்லை.

லைப்ரரி கோப்பு என்றால் உண்மையில் என்ன

சேலத்தில் கொலுசு செய்யும் வேலை ஒரே பட்டறையில் முடிவதில்லை. கம்பி இழுப்பது ஓர் இடம், வளையம் பற்றவைப்பது ஓர் இடம், மெருகு போடுவது வேறோர் இடம் என்று அந்தந்த வேலையில் கை தேர்ந்தவர்களிடம் போய் வரும். மென்பொருளும் அப்படித்தான் உருவாகிறது. படம் வரைகிற நிரலை எழுதுகிறவர் பைட் மாற்றத்தைத் தானே எழுதுவதில்லை. அதில் கை தேர்ந்தவர்கள் எழுதிய லைப்ரரியிடம் ஒப்படைக்கிறார்.

லைப்ரரி பெரும்பாலும் இரண்டு வடிவில் வரும். ஒன்றில், நிரலைத் தயாரிக்கும்போதே லைப்ரரியின் தேவையான பகுதி நிரலுக்குள் கலந்துவிடும். பிறகு தனிக் கோப்பு வேண்டாம். இன்னொன்றில், லைப்ரரி தனிக் கோப்பாகவே இருக்கும், நிரல் ஓடும்போது அதை அழைத்துக்கொள்ளும். விண்டோஸில் இதற்கு டிஎல்எல், லினக்ஸில் எஸ்ஓ, மேக்கில் டைலிப். ஒரே கோப்பைப் பல நிரல்கள் பகிர்ந்துகொள்ளலாம், லைப்ரரியில் ஒரு குறையைத் திருத்தினால் எல்லா நிரலுக்கும் அந்தத் திருத்தம் கிடைத்துவிடும். நாம் பார்த்த திஸ்கி கோப்பு இந்த இரண்டாவது வகை. யாராவது திஸ்கி கேட்டால்தான் அது மெமரிக்கே வரும்.

லைப்ரரி கோப்பும் ஒரு பைனரிக் கோப்புதானே, அதற்கும் ஒப்பந்தம் உண்டா? உண்டு, நன்றாகவே உண்டு. லினக்ஸின் எஸ்ஓ கோப்பு 127, 69, 76, 70 என்ற நான்கு பைட்டோடு தொடங்கும். ஐந்தாவது பைட் 1 என்றால் 32 பிட், 2 என்றால் 64 பிட். ஆறாவது பைட் 1 என்றால் லிட்டில் எண்டியன், 2 என்றால் பிக் எண்டியன். மற்ற எண்களை எந்த வரிசையில் படிக்க வேண்டும் என்பதைத் தன் ஆறாவது பைட்டிலேயே சொல்லிவிடுகிறது. அதுவும் ஒரே பைட்டில் சொல்வதால் வரிசைக் குழப்பமே வர வழியில்லை. நம் மலைக் கோப்புக்கு இந்தப் பழக்கம் இருந்திருந்தால் பாதி வேலை மிச்சம்.

பிஎன்ஜி படக் கோப்பின் முதல் எட்டு பைட் இன்னும் அழகு: 137, 80, 78, 71, 13, 10, 26, 10. விண்டோஸ் வரி முடிவுக்கு 13, 10 என்ற இரண்டு பைட்டையும், லினக்ஸ் 10-ஐ மட்டுமும் பயன்படுத்தும். சில மென்பொருள்கள் கோப்பை அனுப்பும்போது, அது எழுத்துக் கோப்பு என்று நினைத்து இவற்றை ஒன்றுக்கொன்று மாற்றிவிடும். பைனரிக் கோப்புக்கு அது சாவு. பிஎன்ஜி-யை வடிவமைத்தவர்கள் வேண்டுமென்றே 13, 10-ஐயும் தனி 10-ஐயும் முன்னாலேயே வைத்தார்கள். வழியில் யாராவது கை வைத்திருந்தால் லைப்ரரி முதல் எட்டு பைட்டைப் பார்த்தே கண்டுபிடித்துவிடும்.

ஏன் நாமே எழுதிவிடக் கூடாது

கற்றுக்கொள்வதற்காக ஒரு முறை எழுதுங்கள், கண்டிப்பாக எழுதுங்கள். இரண்டு பைட்டைப் பெருக்கிக் கூட்டுவது ஒரு வரி வேலை. ஆனால் மற்றவர்கள் நம்பிப் பயன்படுத்தப்போகும் நிரலில் நன்கு சோதித்த லைப்ரரியையே வையுங்கள். காரணம், மாற்றம் என்பது சரியான தரவு வரும்போது சுலபம். தவறான தரவு வரும்போது என்ன செய்வது என்பதில்தான் உழைப்பு முழுதும் இருக்கிறது.

1996 ஜூன் 4-ஆம் தேதி ஐரோப்பாவின் ஏரியான் 5 ராக்கெட் கிளம்பி 40 நொடிக்குள் வெடித்துச் சிதறியது. 64 பிட் தசம எண் ஒன்றை 16 பிட் குறியுள்ள எண்ணாக, அதாவது நம் மலைக் கோப்பில் இருக்கும் அதே வகை எண்ணாக மாற்றும் இடத்தில், மதிப்பு 32767-ஐத் தாண்டிவிட்டது. அந்த நிரல் ஏரியான் 4-இலிருந்து எடுத்துக்கொண்டது. பழைய ராக்கெட்டின் பாதையில் அந்த எண் அவ்வளவு பெரிதாக வாய்ப்பில்லை என்று காவல் போடாமல் விட்டிருந்தார்கள். புதிய ராக்கெட்டின் பாதை வேறு.

நல்ல லைப்ரரியிலும் ஓட்டை இருக்கலாம் என்பதற்கு 2014-இல் வெளிவந்த ஹார்ட்பிளீட் என்ற பாதுகாப்பு ஓட்டை சாட்சி. இணையத்தில் போகும் தகவலைப் பூட்டி அனுப்ப உதவும் ஓப்பன்எஸ்எஸ்எல் லைப்ரரிக்கு வரும் ஒரு வகைச் செய்தியில், 'பின்னால் இத்தனை பைட் தரவு வருகிறது' என்று இரண்டு பைட்டில் நீளம் எழுதியிருக்கும். அந்த நீளத்தை லைப்ரரி அப்படியே நம்பியது. சில பைட் மட்டும் அனுப்பிவிட்டு 64 ஆயிரம் என்று பொய் சொன்னால், மீதிக்குத் தன் மெமரியிலிருந்த மற்றவர்களின் தரவை எடுத்துத் திருப்பிக் கொடுத்தது. இதனால் லைப்ரரியே வேண்டாம் என்று ஆகிவிடாது. அந்த ஓட்டையை இரண்டு குழுக்கள் தனித்தனியே கண்டுபிடித்தன, உடனே திருத்தம் வந்தது, புதுப்பித்தவர்களிடம் அந்த ஓட்டை அடைபட்டது. தனி ஆள் எழுதி ஒரு மூலையில் கிடக்கும் மாற்ற நிரலில் அதே ஓட்டை இருந்தால் யார் பார்ப்பார்கள்?

லைப்ரரியைப் பயன்படுத்துகிறவரும் ஒன்று செய்யலாம். விடை தெரிந்த சில சோடிகளைத் தன் நிரலோடு சோதனையாக வைத்துக்கொள்ளலாம். 1, 22 கொடுத்தால் 278 வர வேண்டும். 128, 0 கொடுத்தால் −32768. 255, 255 கொடுத்தால் −1. இந்த மூன்றும் சரியாக வந்தால் அளவு, வரிசை, குறி மூன்றும் சரி என்று அர்த்தம். லைப்ரரியின் பதிப்பு மாறும்போதெல்லாம் இதை ஓட்டிப் பார்த்தால் போதும்.

கடைசியாக, புதிதாக வருகிறவர்கள் அதிகம் மாட்டிக்கொள்கிற இடம். நிரலைத் திறந்ததும் 'இந்த டிஎல்எல் காணவில்லை' என்று செய்தி வரும். உடனே அந்தப் பெயரைத் தேடி, கண்ணில் பட்ட ஏதோ ஒரு தளத்திலிருந்து டிஎல்எல்-ஐ இறக்கிப் போடுகிறார்கள். தயவுசெய்து அதைச் செய்யாதீர்கள். அந்தக் கோப்புக்குள் இருப்பது ஓடக்கூடிய நிரல். அதை யார் எழுதினார், என்ன சேர்த்தார் என்று உங்களுக்குத் தெரியாது. அந்த லைப்ரரியை வெளியிடுகிறவர்களின் சொந்தத் தொகுப்பை நிறுவுங்கள், அல்லது நிரலையே மறுபடி நிறுவுங்கள். கோப்பு இருந்தும் ஏற்க மறுக்கிறது என்றால், 64 பிட் நிரல் 32 பிட் லைப்ரரியை அழைக்கிறதா என்று பாருங்கள். பெயர் ஒன்றாகவே இருந்தாலும் இரண்டும் ஒரே நிரலுக்குள் சேராது. லினக்ஸ் என்றால் ஃபைல் என்ற கட்டளையிடம் கேளுங்கள், அந்த ஐந்தாவது, ஆறாவது பைட்டைப் படித்து ஒரே வரியில் சொல்லிவிடும்.